கோட்டுக்கு மேலே நின்ற மெண்டோசா

அமெரிக்க பேஸ்பால் வர்ணனையாளர்கள் ஒரு பேட்டரை மட்டம் தட்ட நினைத்தால் இரண்டே சொல்லில் முடித்துவிடுவார்கள்: மெண்டோசா கோடு. பேட்டிங் சராசரி .200-க்குக் கீழே போனால் அவர் மெண்டோசா கோட்டுக்குக் கீழே விழுந்துவிட்டார். அதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. மேஜர் லீக்கில் இருக்க லாயக்கில்லாதவர் என்று கேட்பவர்களுக்குப் புரிந்துவிடும். 1980 வாக்கில் கிளம்பிய இந்தப் பேச்சு மைதானத்தோடு நிற்கவில்லை. சினிமா வசூலைப் பற்றி எழுதுகிறவர்களும் பங்குச் சந்தையைப் பற்றி எழுதுகிறவர்களும்கூட, இதற்குக் கீழே போனால் மானம் போய்விடும் என்ற எல்லையைச் சுட்ட அந்தப் பெயரைத்தான் எடுத்துக்கொள்கிறார்கள். அவர்களில் பெரும்பாலோர் மரியோ மெண்டோசா ஆடியதை ஒரு நாளும் பார்த்ததில்லை.

மெக்சிகோவின் சிவாவா நகரில் 1950 டிசம்பரில் பிறந்து, 1974 முதல் 1982 வரை மேஜர் லீக்கில் பிட்ஸ்பர்க், சியாட்டில், டெக்சஸ் என்று மூன்று அணிகளுக்கு ஆடிய ஷார்ட்ஸ்டாப் அவர். நட்சத்திரம் என்று யாரும் அவரைச் சொன்னதில்லை, நானும் சொல்லப்போவதில்லை. ஆனால் அவருடைய பெயரை இயலாமைக்கு அடையாளமாக்கிய அந்தக் கருத்து தவறானது. அவரைப் பற்றித் தவறானது, ஷார்ட்ஸ்டாப் என்ற வேலையைப் பற்றித் தவறானது, ஊர் ஊராக அணி மாறி ஆடிப் பிழைக்கும் ஆயிரக்கணக்கான ஆட்டக்காரர்களைப் பற்றி இன்னும் தவறானது.

முதலில் கணக்கைப் பார்ப்போம். பந்தை அடித்துப் பத்திரமாக பேஸை எட்டினால் அது ஹிட். பேட்டிங் வாய்ப்புகளில் எத்தனை பங்கு ஹிட் ஆனது என்பதே பேட்டிங் சராசரி. ஆயிரம் வாய்ப்பில் 300 ஹிட் எடுக்கும் விகிதம் இருந்தால் .300, அது சிறந்த பேட்டர். .200 என்றால் ஐந்து வாய்ப்புக்கு ஒரு ஹிட். மெண்டோசா ஒன்பது பருவங்களில் 686 ஆட்டங்கள் ஆடி, 1,337 வாய்ப்புகளில் 287 ஹிட் எடுத்தார். சராசரி .215. அவர் பெயரில் இருக்கும் கோடு .200. ஆக, அந்தக் கோட்டுக்கு மேலேதான் அவருடைய வாழ்நாள் சராசரி நிற்கிறது. இந்த ஒரு தகவலைச் சரிபார்க்க இரண்டு நிமிடம்கூட ஆகாது. ஆனாலும் நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக இந்தப் பேச்சு திருத்தப்படாமலே ஓடிக்கொண்டிருக்கிறது.

ஒன்பது பருவங்களில் ஐந்தில் அவர் .200-க்குக் கீழேதானே இருந்தார் என்று கேட்பார்கள். உண்மை, இருந்தார். அந்தப் பருவங்களையே எடுத்துக்கொள்கிறேன். 1975இல் பிட்ஸ்பர்க் அணிக்காக 56 ஆட்டங்களில் இறங்கினார். அவருக்குக் கிடைத்த பேட்டிங் வாய்ப்பு 50. ஆட்டங்களைவிட வாய்ப்பு குறைவு. கடைசி இன்னிங்ஸ்களில் முன்னிலையைக் காப்பாற்றவே அவரை இறக்கினார்கள், பேட் பிடிக்க அல்ல. அந்த 50 வாய்ப்பில் 9 ஹிட், சராசரி .180. இன்னும் ஒரே ஒரு ஹிட் கிடைத்திருந்தால் சரியாக .200. 1977இல் 81 வாய்ப்பில் 16 ஹிட், .198. அங்கும் ஒரு ஹிட் கூடியிருந்தால் .210. 1979இல் சியாட்டிலுக்காக 148 ஆட்டங்கள், 373 வாய்ப்பு, 74 ஹிட், மறுபடி .198. 75ஆவது ஹிட் ஒன்று விழுந்திருந்தால் .201. மூன்று பருவங்களில் மூன்றே மூன்று ஹிட். தரையில் உருண்ட பந்து ஒரு கல்லில் பட்டுத் திசை மாறினால் அது ஹிட். காற்றில் எழும்பிய பந்து ஃபீல்டர் கையுறைக்கு ஒரு விரல் தள்ளி விழுந்தால் அதுவும் ஹிட். இப்படி மூன்று பந்துகள் வேறு மாதிரி விழுந்திருந்தால் அவர் கோட்டுக்குக் கீழே கழித்த பருவங்கள் இரண்டாகக் குறைந்திருக்கும். அந்த இரண்டில் ஒன்றான 1982இல் அவருக்குக் கிடைத்தது வெறும் 17 வாய்ப்பு.

இப்பேர்ப்பட்ட மெல்லிய வித்தியாசத்தின் மேல் இழுத்த கோட்டை வைத்து ஒரு மனிதரின் தொழிலை எடைபோடுகிறோம்.

இந்தப் பேச்சு கிளம்பிய கதையே இதன் நியாயத்தைச் சந்தேகிக்கப் போதும். சியாட்டில் மாரினர்ஸ் அணியில் அவரோடு ஆடிய டாம் பசோரெக், புரூஸ் போக்டி இருவரும் கிண்டலாகத் தொடங்கிவைத்தது என்று மெண்டோசாவே பேட்டியில் சொல்லியிருக்கிறார். கான்சஸ் சிட்டி அணியின் ஜார்ஜ் பிரெட் 1980 பருவத்தின் தொடக்கத்தில் தடுமாறியபோது, பார்த்துக்கொள், மெண்டோசா கோட்டுக்குக் கீழே போய்விடப் போகிறாய் என்று அவரைச் சீண்டினார்கள். பிரெட் அதை இஎஸ்பிஎன் தொலைக்காட்சியின் கிறிஸ் பெர்மனிடம் சொல்ல, அப்போதுதான் தொடங்கியிருந்த அந்த விளையாட்டுச் சேனல் வழியாக நாடு முழுக்கப் பரவியது. பிரெட் அந்தப் பருவத்தை .390 சராசரியோடு முடித்தார். அரை நூற்றாண்டின் மிகப் பெரிய பேட்டிங் சாதனைகளில் ஒன்று அது. அதே 1980இல் மெண்டோசாவின் சராசரி என்ன தெரியுமா? .245. அவருடைய வாழ்நாளின் மிகச் சிறந்த பேட்டிங் பருவமே அதுதான். இயலாமையின் அடையாளமாக அவர் பெயர் நாடெங்கும் ஒலிக்கத் தொடங்கிய அந்த மாதங்களில், அவர் முன்னெப்போதையும்விட நன்றாக அடித்துக்கொண்டிருந்தார்.

சக ஆட்டக்காரர்கள் உடைமாற்றும் அறையில் ஒருவரையொருவர் கிண்டல் செய்வது எந்த அணியிலும் நடப்பது. பசோரெக், போக்டி மேல் எனக்குக் கோபமில்லை. என் கோபம் அதைத் தொழில்நுட்ப அளவுகோலாக ஏற்றுக்கொண்டவர்கள் மேல். பேஸ்பால் அறிந்தவர்கள் என்று சம்பளம் வாங்கிக்கொண்டு மைக் முன் உட்காருகிறவர்களுக்கு, ஷார்ட்ஸ்டாப் எதற்காக மைதானத்தில் நிற்கிறார் என்பது தெரிந்திருக்க வேண்டும்.

எதற்காக நிற்கிறார்? இரண்டாம் பேஸுக்கும் மூன்றாம் பேஸுக்கும் நடுவே அவர் இடம். வலக்கை பேட்டர்கள் இயல்பாக அடிக்கும் பந்துகள் அதிகம் உருண்டு வரும் பக்கம் அது. ஒரு பந்து அவருக்கும் மூன்றாம் பேஸ்காரருக்கும் இடையிலுள்ள இடைவெளியை நோக்கிப் பாய்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அவர் வலப்பக்கம் நாலைந்து எட்டு ஓடி, இடக்கையில் மாட்டிய கையுறையை உடம்புக்குக் குறுக்கே நீட்டிப் புறங்கைப் பக்கமாகப் பந்தை எடுக்கிறார். ஓடிய வேகத்தில் உடம்பு இன்னும் மூன்றாம் பேஸ் பக்கமே போகப் பார்க்கிறது. எறிய வேண்டிய முதல் பேஸ் நேர் எதிர்ப்பக்கம். வலக்காலை ஊன்றிப் போகிற வேகத்தை நிறுத்தி, கையுறையிலிருந்து பந்தை வலக்கைக்கு மாற்றி, மைதானத்துக்குக் குறுக்கே ஏறத்தாழ 40 மீட்டர் எறிய வேண்டும். அதற்குள் பேட்டர் 90 அடி தூரத்தை ஓடிக்கொண்டிருக்கிறார். மேஜர் லீக் வலக்கை பேட்டருக்கு அந்த ஓட்டம் சுமார் 4.3 விநாடி. பந்து பேட்டில் பட்ட நொடி முதல் முதல் பேஸ்காரர் கையில் விழும் வரை எல்லாம் அந்த நாலேகால் விநாடிக்குள் முடிந்தாக வேண்டும். ஒரு எட்டு பின்வாங்கினால் போதும், ஆள் பத்திரமாகப் போய்ச் சேர்ந்துவிடுவார்.

மெண்டோசா காலத்தில் இது இன்னும் கடினம். பிட்ஸ்பர்க்கின் த்ரீ ரிவர்ஸ் மைதானத்திலும் சியாட்டிலின் கிங்டோமிலும் செயற்கைப் புல்தரை. கான்கிரீட் மேல் விரித்த மெல்லிய பாய் போன்ற அந்தத் தரையில் பந்து வேகம் குறையாமல் சறுக்கிக்கொண்டு வரும், எழும்பினால் தலைக்கு மேல் எழும்பும். அங்கே அன்றாடம் நின்று ஆடியவரை மெக்சிகோ ரசிகர்கள் மானோஸ் தே செதா என்று அழைத்தார்கள்: பட்டுக் கைகள். அவர் பந்தை எடுக்கும்போது கையுறை அதைத் தள்ளாமல் உள்வாங்கிக்கொள்ளும் என்பதால் வந்த பெயர்.

ஷார்ட்ஸ்டாப் பந்தை எடுத்து முதல் பேஸுக்கு எறியும் அந்த ஆட்டத்தை ஸ்கோர் புத்தகத்தில் 6-3 என்று எழுதுவார்கள். 6 ஷார்ட்ஸ்டாப்பின் எண், 3 முதல் பேஸ்காரரின் எண். அடித்தவருடைய கணக்கில் ஒரு வாய்ப்பு வீண், சராசரி இறங்கும். தடுத்த ஷார்ட்ஸ்டாப்பின் பேட்டிங் சராசரியில் ஒன்றும் ஏறாது. ஆனால் எதிரணிக்குக் கிடைத்திருக்க வேண்டிய ஒரு ஹிட் காணாமல் போயிற்று. நம் அணி ஒரு ஹிட் எடுப்பதும் எதிரணியின் ஒரு ஹிட்டைத் தடுப்பதும் ஆட்ட முடிவுக்கு ஏறத்தாழ ஒரே அளவு உதவுகின்றன. 1979இல் கோட்டைத் தாண்ட மெண்டோசாவுக்கு வேண்டியிருந்தது ஒரு ஹிட். 148 ஆட்டங்களில், இன்னொரு சாதாரண ஷார்ட்ஸ்டாப் எட்டியிருக்க முடியாத ஒரே ஒரு பந்தையாவது அவர் எட்டித் தடுக்கவில்லை என்று யார் சொல்வார்கள்? அவரை 148 ஆட்டங்களிலும் இறக்கிய மேலாளர் டாரெல் ஜான்சன் சொல்லமாட்டார். மெண்டோசாவின் பெயரை ஒன்பது பேர் பட்டியலில் திரும்பத் திரும்ப எழுதியது ஜான்சனின் கை.

அந்த 1979ஆம் ஆண்டையே இன்னும் கொஞ்சம் அகலமாகப் பார்க்கலாம். மேஜர் லீக்கின் ஒரு பாதியான நேஷனல் லீகில் சான் டியேகோ அணிக்கு இரண்டாம் ஆண்டாக ஆடிய ஓர் இளம் ஷார்ட்ஸ்டாப்பின் சராசரி அந்த ஆண்டு .211. 587 வாய்ப்பு, 124 ஹிட். அவர் பெயர் ஆஸி ஸ்மித். அடுத்த ஆண்டு சிறந்த ஃபீல்டருக்கான கோல்ட் க்ளவ் விருது, தொடர்ந்து மொத்தம் 13 கோல்ட் க்ளவ், 2002இல் ஹால் ஆஃப் ஃபேம். மெண்டோசாவின் 373 வாய்ப்புக்கு .211 என்றால் 79 ஹிட். ஐந்து ஹிட் வித்தியாசம். மறு பாதியான அமெரிக்கன் லீகில் அந்த ஆண்டு சாம்பியன் ஆகி உலகத் தொடருக்குப் போன பால்டிமோரின் ஷார்ட்ஸ்டாப் மார்க் பெலாஞ்சர். எட்டு கோல்ட் க்ளவ் வாங்கியவர், பேஸ்பால் வரலாற்றின் மிகச் சிறந்த ஃபீல்டர்களில் ஒருவர். அந்த ஆண்டு அவருடைய சராசரி .167. மெண்டோசாவைவிட முப்பத்தொரு புள்ளி கீழே. பெலாஞ்சர் கோடு என்று யாரும் சொல்வதில்லை. சொல்லவும் கூடாது, சொன்னால் அது அநியாயம். அந்த அநியாயத்தைத்தான் மெண்டோசாவுக்குச் செய்துகொண்டிருக்கிறார்கள்.

ஸ்மித்தையும் பெலாஞ்சரையும் மெண்டோசாவோடு ஒப்பிடலாமா, அவர்கள் மேதைகள் ஆயிற்றே என்பது நியாயமான கேள்வி. மெண்டோசா கோல்ட் க்ளவ் ஒன்றுகூட வாங்கியவர் இல்லை. ஆகவே இன்னும் ஒருவரைச் சொல்கிறேன். செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் அணியின் டால் மேக்ஸ்வில். வாழ்நாள் சராசரி .217, மெண்டோசாவைவிட இரண்டே புள்ளி கூடுதல். 1968 உலகத் தொடரில் 22 வாய்ப்பில் ஒரு ஹிட்டும் இல்லை. ஆனால் 1964இலும் 1967இலும் கார்டினல்ஸ் உலகத் தொடரை வென்றபோது அணியில் இருந்தவர் அவர். 1968இல் கோல்ட் க்ளவ் வாங்கினார். பிறகு அதே அணியின் பொது மேலாளராகப் பத்தாண்டு இருந்தார். அந்த 1968இல் கார்டினல்ஸைத் தோற்கடித்த டெட்ராய்ட் அணியின் ஷார்ட்ஸ்டாப் ரே ஆய்லர் பருவம் முழுக்க ஆடிச் சேர்த்த சராசரி .135. உலகத் தொடரில் டெட்ராய்ட் மேலாளர் மேயோ ஸ்மித் பேட்டிங்கைப் பலப்படுத்த ஓர் அவுட்ஃபீல்டரை ஷார்ட்ஸ்டாப்பாக நிறுத்தினார் என்பது பிரபலமான கதை. முன்னிலை கிடைத்ததும் கடைசி இன்னிங்ஸ்களில் ஆய்லரைத்தான் உள்ளே அனுப்பினார் என்பது அந்த அளவுக்குப் பேசப்படாத கதை. வெற்றியைப் பூட்டி வைக்க யாரை நம்பினார்கள் என்று பாருங்கள்.

இந்த ஷார்ட்ஸ்டாப்களைப் பார்த்தால் அந்தக் காலத்து பேஸ்பாலின் மனம் புரியும். கையுறைதான் ஷார்ட்ஸ்டாப்பின் சம்பளம். பேட்டிலிருந்து வருவது மேற்கொண்டு கிடைத்தால் நல்லது. அதுவும் 1973 முதல் அமெரிக்கன் லீகில் பிட்சருக்குப் பதிலாக அடிக்க மட்டுமே ஒருவரை வைத்துக்கொள்ளலாம் என்ற விதி வந்த பிறகு, பேட்டிங் வரிசையின் ஒன்பதாவது இடத்தில் ஒரு நல்ல கையுறையைத் தாங்கிக்கொள்ள அணிகளால் முடிந்தது. இன்றைய கண்ணோடு அது சரியா தப்பா என்று விவாதிக்கலாம். ஆனால் அன்றைய வேலைக்கு எடுத்த ஆளை, அவரிடம் கேட்காத வேலைக்கான அளவுகோலால் அளந்து, தோற்றுவிட்டார் என்பது எந்த நியாயத்தில் சேரும்?

அளவுகோலே இற்றுப்போய்விட்டது என்பது அடுத்த விஷயம். 2023இல் ஃபிலடெல்ஃபியா அணியின் கைல் ஷ்வார்பர் .197 சராசரியோடு பருவத்தை முடித்தார். மெண்டோசாவின் 1979ஐவிடக் கீழே. ஆனால் அவர் அடித்தது 47 ஹோம் ரன், பிட்சரின் மோசமான பந்துகளால் அடிக்காமலே முதல் பேஸுக்குப் போன வாக் 126. பேட்டிங் சராசரி வாக்கைக் கணக்கில் எடுக்காது. ஹோம் ரன்னுக்கும் தட்டிவிட்ட சாதாரண ஹிட்டுக்கும் ஒரே மதிப்புதான் தரும். ஷ்வார்பர் அந்த ஆண்டும் தன் அணியின் முக்கியமான பேட்டர்தான் என்பதில் யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை. .197 என்ற எண் ஷ்வார்பரைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை என்று எல்லோரும் ஒப்புக்கொள்கிறார்கள். .198 என்ற எண் மட்டும் மெண்டோசாவைப் பற்றி எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறதாம். ஒருவரின் பலம் சராசரியில் தெரியாத ஹோம் ரன்னில் இருந்தது. இன்னொருவரின் பலம் சராசரியில் தெரியாத கையுறையில் இருந்தது. முன்னவருக்குக் கிடைக்கும் நியாயம் பின்னவருக்கும் கிடைக்க வேண்டும்.

எதிர்த்தரப்பில் ஒரு வலுவான வாதம் உண்டு. அதை மறைத்துவிட்டு மேலே போவது நேர்மையாகாது. பேட்டிங், ஓட்டம், ஃபீல்டிங் எல்லாவற்றையும் ஒரே எண்ணில் அடக்கி, மைனர் லீக்கிலிருந்து எளிதாகக் கிடைக்கக்கூடிய ஒரு மாற்று ஆளோடு ஒப்பிடும் வார் என்ற கணக்கு இன்று வழக்கில் இருக்கிறது. அந்தக் கணக்கில் மெண்டோசாவின் வாழ்நாள் எண் பூஜ்ஜியத்துக்குக் கீழே. அவருக்குப் பதில் வேறொருவரைப் போட்டிருந்தால் அணிகள் இன்னும் கொஞ்சம் வென்றிருக்கும் என்று அர்த்தம். இதை நான் அலட்சியமாகத் தள்ளவில்லை. அவருடைய பேட்டிங் பலவீனம், 1979இல் அமெரிக்கன் லீகின் சராசரி .270 இருந்தபோது .198, உண்மையிலேயே அணிக்குச் சுமை. அதை ஏற்றுக்கொள்கிறேன்.

ஆனால் அந்தக் கணக்கின் இரண்டு பக்கமும் ஒரே உறுதி உள்ளவை அல்ல. பேட்டிங் பக்கம் ஒவ்வொரு ஹிட்டும் பதிவானது. ஃபீல்டிங் பக்கத்தில், பந்து எந்த வேகத்தில் எங்கே போயிற்று, ஷார்ட்ஸ்டாப் எங்கிருந்து ஓடி வந்து எடுத்தார் என்பதைக் கேமராவும் ரேடாரும் அளக்கத் தொடங்கியது 2015இல் ஸ்டாட்காஸ்ட் என்ற முறை வந்த பிறகுதான். 1970களின் ஃபீல்டிங் மதிப்பு பழைய ஸ்கோர் தாள்களிலிருந்து ஊகித்து எடுத்தது. யார் எடுத்தார், யார் எறிந்தார் என்று அந்தத் தாளில் இருக்கும். இன்னொருவர் கையுறைக்கு எட்டாமல் அவுட்ஃபீல்டுக்கு ஓடியிருக்கக்கூடிய பந்து எது என்பது அதில் இருக்காது. மெண்டோசாவின் பலம் இருந்த இடத்தில் கணக்கின் கண் மங்கல், பலவீனம் இருந்த இடத்தில் கண் கூர்மை. அப்படிப்பட்ட கணக்கை வைத்து அவர் சராசரிக்கும் குறைந்த ஆட்டக்காரர் என்று சொல்லுங்கள், கேட்டுக்கொள்கிறேன். கேலிக்குரியவர் என்று சொல்ல அந்தக் கணக்கும் இடம் தரவில்லை.

மாற்று ஆள் எளிதாகக் கிடைப்பார் என்ற அந்த அடிப்படையையும் கொஞ்சம் யோசிக்க வேண்டும். மைனர் லீக்கில் அப்படியொருவர் இருந்தால், ஒன்பது பருவங்களில் மூன்று அணிகளின் மேலாளர்களும் அவரைக் கண்டுபிடிக்காமலா இருந்தார்கள்? மேஜர் லீக் தொடங்கிய காலத்திலிருந்து இன்று வரை அதில் ஒரு ஆட்டமாவது ஆடியவர்கள் இருபதாயிரத்துக்கு மேல். மெக்சிகோ, கியூபா, டொமினிகன் குடியரசு, வெனிசுவேலா, ஜப்பான், அமெரிக்கா முழுக்க இந்த ஆட்டத்தை வாழ்க்கையாக எடுத்துக்கொண்ட லட்சக்கணக்கான பையன்களிலிருந்து வடிகட்டி எடுத்த எண்ணிக்கை அது. அதில் 686 ஆட்டங்கள் ஆடியவர் மெண்டோசா. வேலை தெரியாதவருக்கு அந்த இடம் யாரும் தருவதில்லை.

அடுத்தது, இந்த மாதிரி ஆட்டக்காரர்கள் எல்லோரைப் பற்றியும் பரவலாக இருக்கும் எண்ணம்: அணி மாற்றிக்கொண்டே போகிறவர் எந்த அணிக்கும் வேண்டாதவர். மெண்டோசாவின் இடமாற்றங்களை ஒன்றொன்றாகப் பார்த்தால் இது எவ்வளவு மேலோட்டம் என்று தெரியும். 1978 டிசம்பரில் பிட்ஸ்பர்க் அவரையும் இரண்டு பிட்சர்களையும் சியாட்டிலுக்குக் கொடுத்து, என்ரிக்கே ரோமோவையும் வேறு இருவரையும் வாங்கிக்கொண்டது. ரோமோவும் மெக்சிகோக்காரர், 1979இல் பிட்ஸ்பர்க் உலகத் தொடரை வென்றபோது அதன் மாற்று பிட்சிங்கைத் தாங்கியவர்களில் ஒருவர். சியாட்டில் ஏன் மெண்டோசாவை வாங்கிக்கொண்டது? அதன் ஷார்ட்ஸ்டாப் கிரெய்க் ரெனால்ட்ஸை அதே மாதத்தில் ஹூஸ்டனுக்குக் கொடுத்துவிட்டு ஃப்ளாய்ட் பானிஸ்டர் என்ற இளம் பிட்சரை வாங்கியது. ஷார்ட்ஸ்டாப் இடம் காலி. அதை நம்பி ஒப்படைக்க ஒரு கையுறை வேண்டும். அதற்காக வாங்கிய ஆளை அடுத்த பருவம் 148 ஆட்டங்களில் நிறுத்தியது. 1980 டிசம்பரில் டெக்சஸ் ரேஞ்சர்ஸ் பதினொரு பேர் கைமாறிய பெரிய வியாபாரம் ஒன்றில் அவரை வாங்கியது. டெக்சஸ் மேலாளர் டான் ஸிம்மர். அவரும் ஒரு காலத்தில் ஐந்தாறு அணிகளைச் சுற்றிய இன்ஃபீல்டர், வாழ்நாள் சராசரி .235. இன்ஃபீல்டில் ஒரு ஆள் என்ன தருகிறார் என்பது அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. வேலைநிறுத்தத்தால் சுருங்கிய 1981 பருவத்தில் டெக்சஸ் ஆடிய 105 ஆட்டங்களில் 88இல் மெண்டோசாவை இறக்கினார். மெண்டோசா .231 அடித்தார். அணி 57 வென்று 48 தோற்றது. பருவத்தின் முதல் பாதியில் முதலிடத்தை ஒன்றரை ஆட்டத்தில்தான் தவறவிட்டது.

ஒரு ஆட்டக்காரரை இன்னொரு அணி கேட்டு வாங்குவதற்குப் பெயர் நிராகரிப்பு என்றால் எனக்கு விளங்கவில்லை. இதில் ஆட்டக்காரருக்குச் சொல்லே கிடையாது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 1975இன் இறுதியில் தொழில் தகராறுகளுக்கான நடுவர் பீட்டர் சைட்ஸின் தீர்ப்பு வரும் வரை, ஆட்டக்காரர் தன் அணிக்குக் காலம் முழுக்கக் கட்டுப்பட்டவர். அதற்குப் பிறகும் சுதந்திரமாக வேறிடம் போக ஆறாண்டு சேவை வேண்டும். ஒரு டிசம்பர் மாதத்தில் தொலைபேசி வரும். நீ இனிமேல் சியாட்டிலில் ஆடுகிறாய் என்பார்கள். குடும்பத்தைக் கட்டிக்கொண்டு நாட்டின் மறுகோடிக்குப் போக வேண்டும். புது மைதானம், புதுத் தரை, இரண்டாம் பேஸில் புதுக் கூட்டாளி. இரட்டை அவுட்டுக்குப் பந்தைத் தள்ளும்போது, ஓடி வந்து சறுக்கும் எதிரணிக்காரரின் காலுக்கு மேல் நிற்கும் அந்தக் கூட்டாளி அதை நெஞ்சளவில் கேட்பாரா, இடுப்பளவில் கேட்பாரா என்பதை மறுபடி கற்க வேண்டும். சியாட்டிலில் அந்தக் கூட்டாளி ஹூலியோ குரூஸ். இவ்வளவும் வேற்று மொழி பேசும் நாட்டில். பிட்ஸ்பர்க்கில் ஒருமுறை, 1977இல், ஆட்டம் கைவிட்டுப் போனபோது பிட்சர்களைச் சேமிப்பதற்காக அவரைப் பந்து வீசவும் அனுப்பினார்கள். போனார், வீசினார். கேட்ட வேலையைச் செய்வதுதான் இந்தத் தொழில். இதையெல்லாம் தாங்கி ஒன்பது பருவம் நிலைத்தவர் மேல் எனக்கு மரியாதைதான் வருகிறது.

கடைசியாக ஒரு வாதம் வரும்: மெண்டோசாவே இதைச் சிரித்து ஏற்றுக்கொண்டுவிட்டாரே, உங்களுக்கு என்ன? ஆரம்பத்தில் அது தன்னை உறுத்தியது என்றும் அவர் சொல்லியிருக்கிறார். பிறகு பழகிக்கொண்டார். வேறு வழி என்ன இருந்தது அவருக்கு? நாட்டின் ஒவ்வொரு ஞாயிறு செய்தித்தாளிலும் தன் பெயரைக் கேலிச்சொல்லாகப் பார்க்கும் மனிதர் தினமும் சண்டையா போடமுடியும்? அவருடைய பொறுமையைக் காட்டி நம் பிழையைத் தொடர்வது அழகல்ல.

1982இல் டெக்சஸ் விடுவித்த பிறகு அவர் மெக்சிகோவுக்குத் திரும்பினார். அங்கே இன்னும் பல பருவம் ஆடினார். அங்கு அவருடைய பேட்டிங் சராசரி .300-க்குச் சற்றே கீழே இருந்தது. பந்தின் வேகமும் பிட்சர்களின் தரமும் வேறுதான். ஆனாலும் பேட் பிடிக்கவே தெரியாதவர் என்ற படத்தோடு இது ஒட்டவில்லை. ஆட்டத்தை விட்ட பிறகு கலிபோர்னியா ஏஞ்சல்ஸ் அமைப்பு தன் மைனர் லீக் அணிகளை அவரிடம் ஒப்படைத்தது. மேலாளராக இளைஞர்களைத் தயார் செய்தார். 2000இல் மெக்சிகோவின் தொழில்முறை பேஸ்பால் ஹால் ஆஃப் ஃபேம் அவரைச் சேர்த்துக்கொண்டது. அவரை அங்கே சேர்த்தவர்கள் அவர் ஆடியதை நேரில் பார்த்த நாட்டைச் சேர்ந்தவர்கள்.

பேஸ்பால் எழுதுகிறவர்களிடமும் வர்ணனை செய்கிறவர்களிடமும் நான் கேட்பது சின்னது. .200 ஒரு மோசமான சராசரிதான். அதற்குக் கீழே போகும் பேட்டரைப் பற்றித் தாராளமாகச் சொல்லுங்கள். .200-க்குக் கீழே போய்விட்டார் என்று சொன்னாலே எல்லோருக்கும் புரியும். வாழ்நாள் முழுக்கக் கையுறையை வைத்துப் பிழைத்து, .215-இல் முடித்த ஒரு ஷார்ட்ஸ்டாப்பின் பெயர் அந்த வாக்கியத்தில் வேண்டாம்.